வாசகர் கேள்வி–பதில்: எண் மாறிய பெட்டிகளும் ஒரு கோணல் வீடும்

சென்ற இதழில், மும்பை செம்பூரில் நாங்கள் குடியிருக்கும் கட்டடத்தின் மொட்டை மாடியில் எட்டு முழ வேட்டி ஒன்றைத் திரையாகக் கட்டிப் பிள்ளைகளுக்கு ஊமைப்படம் காட்டியதைப் பற்றி நான்கு வரி எழுதியிருந்தேன். படம், பஸ்டர் கீட்டன் நடித்து 1920ஆம் ஆண்டு செப்டம்பரில் அமெரிக்காவில் வெளிவந்த 'ஒன் வீக்'. இரண்டே ரீல் நீளமுள்ள நகைச்சுவைக் குறும்படம். வருமான வரிக்கும் சர்க்கரை நோய்க்கும் வழக்கமாக வருகிற கடிதங்களைவிட அந்த நான்கு வரிக்கு வந்த கடிதங்கள் அதிகம் என்பதால், இந்த இதழின் பக்கங்களை அந்தப் படத்துக்கே ஒதுக்கிவிட்டேன். வரிக் கேள்வி அனுப்பியவர்கள் அடுத்த இதழ் வரை பொறுத்துக்கொள்ள வேண்டும்.

கதையைச் சொல்லாமலே "பார்த்தோம், சிரித்தோம்" என்று எழுதினால் எப்படி? பார்க்காதவர்களுக்கும் சொல்லக் கூடாதா?
— வாசகி, மாட்டுங்கா

சொல்லலாம், சொன்னால் கெட்டுப்போகிற கதை அன்று இது. ஒரு திங்கட்கிழமை ஒரு ஜோடிக்குத் திருமணம் நடக்கிறது. மாமா ஒருவர் மனையும் வீடும் பரிசாகக் கொடுக்கிறார். ஆனால் அந்த வீடு கட்டிய வீடு அன்று. மரப்பலகைகளாகப் பெட்டிகளில் அடைத்து அனுப்பப்பட்ட வீடு. பெட்டிகளில் எண் போட்டிருக்கிறது, அந்த வரிசைப்படி பொருத்தினால் வீடு எழும்பிவிடும் என்று கூடவே ஒரு குறிப்புத் தாளும் இருக்கிறது. அந்தப் பெண்ணை மணக்க ஆசைப்பட்டு ஏமாந்த இன்னொருவன், யாரும் பார்க்காதபோது வர்ண டப்பாவும் தூரிகையுமாக வந்து பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிட்டுப் போகிறான். மாப்பிள்ளையோ தாளில் எழுதியிருப்பதை ஒரு எழுத்துப் பிசகாமல் பின்பற்றுகிற பிள்ளை. விளைவு, வாசல் இருக்க வேண்டிய இடத்தில் வாசல் இல்லை. மாடிக் குளியலறையின் ஒரு கதவைத் திறந்தால் வெளியே வெட்டவெளி.

நாட்காட்டியின் தாள் ஒவ்வொன்றாகக் கிழிய, ஒவ்வொரு நாளும் ஒரு விபத்து நடக்கிறது. 13ஆம் தேதி வெள்ளிக்கிழமை புதுமனை புகுவிழாவுக்கு விருந்தினர் வருகிறார்கள், கூடவே புயலும் மழையும் வருகின்றன, வீடு ராட்டினம் போலச் சுழலத் தொடங்குகிறது. எல்லாம் ஓய்ந்த பிறகு ஒருவர் வந்து, நீங்கள் கட்டியது உங்கள் மனையிலேயே அல்ல என்கிறார். மனை எண் பலகையில் 66, 99 குழப்பம். பலகை தலைகீழாக இருந்ததால் வேறு மனையில் கட்டிவிட்டார்கள். சரியான மனை ரயில் பாதைக்கு அந்தப் பக்கம். வீட்டைப் பீப்பாய்களின் மேல் ஏற்றிக் காரில் கட்டி இழுக்கிறார்கள், அது நேராகத் தண்டவாளத்தில் போய் நின்றுகொள்கிறது. மீதியை டோம்பிவிலி வாசகரின் கேள்விக்குக் கீழே எழுதுகிறேன்.

வீடு பெட்டியில் வருமா? படத்துக்காகக் கற்பனை செய்ததா?
— வாசகர், முலுண்ட்

கற்பனை அன்று. சியர்ஸ் என்ற புகழ்பெற்ற அமெரிக்க நிறுவனம் 1908 முதல் 1940 வரை இப்படிப்பட்ட வீடுகளைத் தபால் வழி விற்றது. விலைப்பட்டியல் புத்தகத்தில் படம் பார்த்துத் தேர்ந்தெடுத்துப் பணம் அனுப்பினால், அளந்து அறுத்து எண் குறித்த மரச்சட்டங்களும் கதவு, ஜன்னல், ஆணி உட்பட எல்லாமும் சரக்கு ரயிலில் ஊர் வந்து சேரும். தச்சுவேலை கொஞ்சம் தெரிந்தவர்கள் தாங்களாகவே கட்டிக்கொண்டார்கள். 'ஒன் வீக்' வருவதற்குச் சற்று முன்பு, 1919இல், ஃபோர்டு கார் கம்பெனி இத்தகைய தயார்நிலை வீடுகளைப் பற்றி ஒரு விளக்கப் படம் எடுத்திருந்தது. கீட்டன் அந்தப் படத்தைத்தான் கேலி செய்கிறார். எண்ணிட்ட பெட்டியும் கிழிகிற நாட்காட்டியும் அக்காலத்துப் பார்வையாளருக்குப் பழகிய காட்சிகளாக இருந்ததால், அவர்களுக்கு முதல் நிமிடத்திலேயே சிரிப்பு வந்திருக்கும். நமக்கு அது கொஞ்சம் தாமதமாக வருகிறது.

பழைய ஊமைப்படங்களில் எல்லோரும் சாவி கொடுத்த பொம்மை மாதிரி விறுவிறுவென்று நடப்பது ஏன்?
— வாசகர், தாராவி

இதற்கு ஒரு எளிய கணக்கு இருக்கிறது. 35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஒரு அடிக்கு 16 அசையாப் படங்கள். அக்காலத்துக் கேமராவைக் கையால் சுழற்றினார்கள்; ஒரு சுற்றுக்கு 8 படம் பதிவாகும், வினாடிக்கு இரண்டு சுற்று என்றால் 16 படம். 1,000 அடி கொண்ட ஒரு ரீலை அதே வேகத்தில் ஓட்டினால் 16 நிமிடம் 40 வினாடி ஓடும். பேசும்படம் வந்த பிறகு வினாடிக்கு 24 படம் என்பது நிலையான வேகமாகிவிட்டது. பழைய ரீலை அந்த இயந்திரத்தில் ஏற்றினால் ஏறக்குறைய 11 நிமிடத்தில் முடிந்துவிடும், மனிதர்களும் அந்த அளவுக்கு ஓட்டமாய் நடப்பார்கள். நாம் தொலைக்காட்சியில் பார்த்து வளர்ந்த பிரதிகளில் பல இப்படி ஓட்டப்பட்டவையே.

ஆனால் குற்றம் முழுவதையும் ஆப்பரேட்டர் தலையில் போடுவதும் சரியன்று. நகைச்சுவைப் படங்களில் வேண்டுமென்றே கேமராவை மெதுவாகச் சுழற்றிப் படமெடுப்பதும் உண்டு. மெதுவாகச் சுழற்றினால் திரையில் அசைவு வேகமாகும். 'ஒன் வீக்' படத்தின் ஒளிப்பதிவாளர் எல்ஜின் லெஸ்லி கை பிசகாமல் ஒரே சீராகச் சுழற்றுவதில் பெயர் பெற்றவர். பாட்டுக்குத் தாளம் போடுகிறவரைப் போல, காட்சிக்கு எந்தக் காலப்பிரமாணம் வேண்டுமோ அதில் நின்றுகொள்வார். நல்ல முறையில் சீரமைத்த பிரதியைப் பார்த்தால் எல்லோரும் எப்போதும் ஓடுவதில்லை என்பது தெரியும்.

ரயில் வந்து வீட்டை இடிப்பது உண்மையில் எடுத்ததா, தந்திரக் காட்சியா? பொம்மை வீடாகத்தான் இருக்கும் என்று என் மகன் அடித்துச் சொல்கிறான்.
— வாசகர், டோம்பிவிலி

உங்கள் மகன் தோற்றார். நிஜ வீடு, நிஜ ரயில். வீடு சுழல்வதும் அப்படித்தான்: பெரிய சுழல்மேடை ஒன்றின் மேல் வீட்டைக் கட்டி, மேடையோடு சேர்த்துச் சுற்றினார்கள். ஓடுகிற வீட்டின் வாசலைக் குறி பார்த்துக் கீட்டன் பாய்வதும், தவறி விழுவதும், மறுபடி வாசல் வரும்வரை காத்திருந்து மறுபடி பாய்வதும் ஒட்டுவேலை எதுவும் இல்லாமல் கேமராவுக்கு முன்னால் நடந்தவை. ஆளின் தலை முதல் கால் வரை தெரியும்படி தூரத்தில் கேமராவை நிறுத்துவது அவருடைய வழக்கம். கிட்டே வந்து முகத்தைக் காட்டினால், விழுகிறவர் அவர்தானா என்ற சந்தேகம் பார்க்கிறவனுக்கு வந்துவிடும் அல்லவா? அந்தச் சந்தேகம் வந்த இடத்தில் இந்த வகைச் சிரிப்பு செத்துப்போகும்.

குளியலறைக் கதவைத் திறந்து வெட்டவெளியில் கால் வைத்து அவர் விழுகிறாரே, அதற்காகத் தரையில் குழி தோண்டி வைக்கோல் நிரப்பி, மேலே புல்தரையைப் பரப்பி மறைத்திருந்தார்கள். அப்படியும் அடி பலமாகவே பட்டது, உடம்பு வீங்கிவிட்டது. சுவர் பெயர்ந்து அவர்மீது சரிய, ஜன்னல் துவாரம் சரியாக அவர் நிற்கிற இடத்தில் வந்து பொருந்துவதால் அவர் பிழைக்கிற ஒரு நொடிக் காட்சியும் இதில் உண்டு. எட்டு ஆண்டு கழித்து, 1928இல், 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' படத்தில் இதையே கனத்த சுவரை வைத்துச் செய்தார். அங்கே சில அங்குலம் தவறி நின்றிருந்தால் படம் அன்றைக்கே முடிந்திருக்கும். ஒரு தச்சன் நூல் பிடிப்பதுபோல முன்கூட்டியே அளந்து ஆணி அடித்து வைத்துவிட்டு, அந்த ஆணியின் மேல் போய் நிற்பதுதான் அவர் செய்த வேலை.

இனி ரயில். வீடு தண்டவாளத்தில் மாட்டிக்கொண்டு நிற்கிறது. தூரத்தில் ரயில் வருகிறது. தள்ளிப் பார்க்கிறார்கள், அசையவில்லை. இருவரும் விலகி நின்று கண்ணைப் பொத்திக்கொள்கிறார்கள். ரயில் வீட்டைத் தொடாமல், பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்று அவர்கள் மூச்சு விடுவதற்குள் எதிர்த்திசையிலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டைத் தூள் தூளாக்கிவிடுகிறது. முதல் ரயில் மோதும் என்று நம்மை நம்பவைத்து ஏமாற்றிவிட்டு, ஏமாந்த களைப்பில் நாம் இருக்கும்போது இரண்டாவதை விடுகிறார்கள். நான் இளைஞனாக இருந்தபோது முதல் தடவை பார்த்து நன்றாக ஏமாந்தவன்.

எங்கள் மொட்டை மாடியில் ஏமாறாதவர்கள் இருந்தார்கள். எங்கள் கட்டடம் ஹார்பர் லைன் ரயில் பாதையின் ஓரம். நாள் முழுதும் வண்டிகளைப் பார்த்து வளர்கிற பிள்ளைகள். முதல் ரயில் பக்கத்தில் கடந்து போனதும், வந்திருந்த பெரியவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஏழு வயதுப் பெண் எழுந்து நின்று, "அந்தப் பக்கம் பாருங்க, அந்தப் பக்கம் பாருங்க" என்று திரையைப் பார்த்துக் கத்தினாள். ஒரு வண்டி போனதும் லைனைத் தாண்டாதே, அதன் மறைவில் எதிர் வண்டி வரும் என்று மும்பையில் தண்டவாளத்தின் ஓரம் வளர்கிற பிள்ளைகளுக்குச் சோறு ஊட்டும்போதே சொல்லிவிடுகிறோம். நூறு ஆண்டுக்கு முன்னால் கலிபோர்னியாவில் போட்ட கணக்கைச் செம்பூர்ப் பிள்ளை உடைத்துவிட்டது. அதற்காக அவள் சிரிக்காமல் இல்லை. வீடு உடைந்தபோது எல்லோரையும்விட அதிகம் சிரித்தவள் அவள்தான், சொன்னேனா இல்லையா என்கிற சிரிப்பு.

'ஸ்லாப்ஸ்டிக்' என்று எல்லோரும் சொல்கிறார்கள். அடிதடிக்கு ஏன் அந்தப் பெயர்?
— வாசகி, அம்பர்நாத்

அது ஒரு பொருளின் பெயர். இரண்டு தட்டையான மரச்சிம்புகளை ஒரு பிடியில் சேர்த்த கோல். அடித்தால் 'பட்'டென்று பெரிய சத்தம் வரும், வலி அதிகம் இராது. பழைய இத்தாலிய நாடக மேடையில் கோமாளியின் கையில் இருந்த அந்தக் கோலின் பெயரே பிறகு அடி, விழு, உருள் என்கிற நகைச்சுவை வகை முழுவதற்கும் ஆகிவந்தது. தென்மாவட்டத்துக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதே இல்லை. தோற்பாவைக் கூத்தில் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் ஒருவரையொருவர் மொத்திக்கொள்வதைச் சிறு வயதில் மணலில் உட்கார்ந்து பார்த்தவர்கள் நம்மில் எத்தனை பேர்! ராமன் காட்டுக்குப் போகிற துயரத்தின் நடுவில் அந்த இரண்டு தோல் பொம்மைகளும் வந்து அடித்துக்கொள்ளும்போது கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கும். பொம்மைக்கு வலிக்காது என்பது தெரியும், அதனால் சிரிப்பு. கீட்டன் விழும்போது வலிக்கும் என்பதும் தெரியும். ஆனாலும் சிரிப்பு வருகிறது. இந்த முடிச்சை அடுத்த கேள்விக்குச் சொல்லும் பதில் ஓரளவு அவிழ்க்கும்.

படம் முழுதும் அந்த மனிதர் ஒரு தடவைகூடச் சிரிக்கவில்லையே, ஏன்? அவருடைய வாழ்க்கையைப் பற்றியும் கொஞ்சம் எழுதுங்கள்.
— வாசகி, சயன்

ஜோசப் ஃபிராங்க் கீட்டன் 1895 அக்டோபர் 4ஆம் தேதி, கன்சாஸ் மாநிலத்தில் பிக்வா என்ற சிற்றூரில், ஊர் ஊராகப் போய் மேடை நிகழ்ச்சி நடத்திய பெற்றோருக்குப் பிறந்தவர். நடக்கத் தெரிந்த பருவத்திலேயே மேடைக்கு வந்துவிட்டார். 'மூன்று கீட்டன்கள்' என்பது குடும்பக் குழுவின் பெயர். தகப்பனார் சொல் கேளாத பிள்ளையைத் தூக்கி எறிவதுதான் நிகழ்ச்சி. தூக்குவதற்கு வசதியாகப் பையனின் உடுப்பில் பெட்டிக் கைப்பிடி ஒன்றைத் தைத்திருந்தார்கள். பையனைத் திரைச்சீலை மீதும், பக்கவாட்டுத் தட்டிகள் மீதும், சில நாள் பார்வையாளர் மீதும் எறிந்திருக்கிறார். குழந்தைகள் நலச் சங்கத்தார் அவர்களைத் துரத்திக்கொண்டே இருந்தார்கள் என்பதில் வியப்பில்லை. இன்றைக்கு நடந்தால் நானே புகார் கொடுப்பேன்.

அந்த மேடையில் பையன் ஒன்றைக் கற்றுக்கொண்டான். விழுந்து எழுந்து தானும் சிரித்தால் கூட்டம் சிரிப்பதில்லை. ஒன்றுமே நடவாததுபோல் முகத்தை வைத்துக்கொண்டால் கூரை பறக்கச் சிரிக்கிறது. அந்தக் கல்முகமே கடைசிவரை அவருடைய அடையாளமாக இருந்தது. 1917இல் நகைச்சுவை நடிகர் ராஸ்கோ ஆர்பக்கிளின் குறும்படங்களில் நடிக்க வந்தார். மூன்றாண்டு கழித்துத் தனிக் குழு வைத்துக்கொண்டபோது முதலில் எடுத்த குறும்படம் அவருக்கே பிடிக்காததால் அதைக் கிடப்பில் போட்டுவிட்டு, அடுத்து எடுத்த 'ஒன் வீக்' படத்தை முதலில் வெளியிட்டார். இயக்கத்தில் எட்வர்ட் கிளைன் துணை நின்றார். மணப்பெண்ணாக நடித்தவர் சிபில் சீலி. அந்தப் பெண்ணும் அழுது அழகு காட்டி நிற்பவர் அல்லர். இழுக்க வேண்டிய இடத்தில் தானும் கயிற்றைப் பிடித்து இழுக்கிறார்.

கல்முகம் என்றால் உணர்ச்சியற்ற முகம் என்று எண்ண வேண்டாம். ஒரு சிறு காட்சியைச் சொல்கிறேன். அறையில் தரைவிரிப்பை ஓரம் முழுதும் ஆணி அடித்து முடித்துவிட்டு நிமிர்கிறார். நடுவில் ஒரு மேடு. தன்னுடைய கோட்டை விரிப்புக்கு அடியில் வைத்தே ஆணி அடித்துவிட்டார். ஒரு நொடி யோசிக்கிறார். கத்தியை எடுத்து விரிப்பில் சதுரமாக ஒரு ஓட்டை போட்டுக் கோட்டை வெளியே எடுக்கிறார், தட்டி உதறி மாட்டிக்கொள்கிறார், பிறகு அந்த ஓட்டையின் மேல் ஒரு சின்ன விரிப்பைப் போட்டு மூடிவிடுகிறார். கோபமில்லை, தலையில் அடித்துக்கொள்வதில்லை, மேலே வானத்தைப் பார்ப்பதுமில்லை. ஒரு சிக்கல் வந்தது, தீர்த்தாயிற்று, அடுத்த வேலையைப் பார்க்கலாம் என்ற முகம். எங்கள் மாடிக்கு வந்திருந்த எண்பது வயதைக் கடந்த பாட்டி ஒருவர், ரயிலுக்குச் சிரிக்கவில்லை, புயலுக்குச் சிரிக்கவில்லை, இந்த இடத்தில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். "எங்க வீட்டுக்காரரும் இப்படித்தான்" என்றார் பக்கத்திலிருந்தவரிடம். நுனிக்கிளையில் உட்கார்ந்துகொண்டு அடிமரத்தை வெட்டியவன் கதை நமக்குத் தெரியும். இவரும் தான் உட்கார்ந்திருக்கிற சட்டத்தையே ரம்பத்தால் அறுத்து விழுகிறார், ஆனால் அறுக்கும்போது அவர் முகத்தில் தெரிவது முட்டாள்தனம் அன்று, கவனம்.

அந்தக் காலத்தில் நம்முடைய பம்பாயில் இப்படிப்பட்ட படங்களைப் பார்த்திருப்பார்களா?
— வாசகர், வாஷி

பம்பாய்க்குச் சினிமா பழைய உறவு. 1896 ஜூலை 7ஆம் தேதி, பிரான்சின் சினிமா முன்னோடிகளான லூமியேர் சகோதரர்களின் படங்களை வாட்சன் ஹோட்டலில் காட்டியதோடு தொடங்கியது அது. 1920களில் இங்கே திரையிட்ட படங்களில் பெரும்பகுதி அமெரிக்கப் படங்கள்தாம். அந்த நிலையை ஆராய 1927இல் அரசாங்கம் ஒரு குழு அமைத்தது. அதற்குத் தலைவர் நம் சென்னை வழக்கறிஞர் டி. ரங்காச்சாரியார். ஊமைப்படத்தில் வசனம் எழுத்து அட்டையாக வரும், இந்தியப் படங்களில் ஒரே அட்டையில் இரண்டு மூன்று மொழிகள் இருக்கும். படிக்கத் தெரியாதவர்களுக்காக ஒருவர் திரைக்குப் பக்கத்தில் நின்று உரக்கப் படித்துச் சொல்வார். ஆனால் ஒருவன் தலையில் சுவர் விழுவதற்கு யாரும் படித்துச் சொல்ல வேண்டியதில்லை. எங்கள் மாடியிலும் தமிழ், மராட்டி, குஜராத்தி பேசுகிற பிள்ளைகள் இருந்தார்கள், ஒருவரும் என்னிடம் பொருள் கேட்கவில்லை.

சாப்ளின் பெரியவரா, கீட்டன் பெரியவரா?
— வாசகர், காட்கோபர்

வேட்டி எட்டு முழம்தான். ஒரு நேரத்தில் ஒருவருக்கே இடம்.

ஆறு வயது மகனுக்குக் காட்டலாமா? குளிக்கிற காட்சி உண்டு என்று கேள்விப்பட்டேன்.
— வாசகி, கோரேகாவ்

தாராளமாகக் காட்டலாம். மணப்பெண் தொட்டியில் குளிக்கும்போது சோப்பு நழுவித் தொட்டிக்கு வெளியே விழுகிறது. அவர் எட்டி எடுக்க வேண்டிய நேரத்தில், கேமராவுக்குப் பின்னால் இருக்கும் யாரோ ஒருவருடைய கை வந்து லென்ஸை மூடிவிடுகிறது. தணிக்கை அதிகாரிகள் செய்ய வேண்டிய வேலையைப் படம் எடுத்தவர்களே நகைச்சுவையாகச் செய்துவிட்டார்கள். உங்கள் மகன் அந்தக் கை யாருடையது என்று கேட்பான், பதிலை யோசித்து வைத்துக்கொள்ளுங்கள். ஒரு எச்சரிக்கை உண்டு. அக்காலத்து வேறு பல நகைச்சுவைப் படங்களில் கறுப்பின மக்களை இழிவாகக் கேலி செய்யும் காட்சிகள் இருக்கின்றன. ஊமைப்படம் என்றாலே குழந்தைக்கு ஆகும் என்று நம்பிவிடாமல் நீங்கள் முதலில் ஒரு தடவை பார்த்துவிடுங்கள். இந்தப் படம் காப்புரிமைக் காலம் கடந்தது, இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. கூடவே ஒலிக்கும் பியானோ பிடிக்காவிட்டால் ஒலியை நிறுத்திவிட்டு வீட்டில் ஆர்மோனியம் வாசிக்கிறவர் யாரையாவது உட்காரவைக்கலாம். அன்றைக்குக் கொட்டகையிலும் ஆள் உட்கார்ந்துதான் வாசித்தார்.

வீடு வாங்கப் பணம் கட்டிவிட்டு ஆண்டுக்கணக்கில் சாவிக்காகக் காத்திருக்கிறோம். இந்தப் படத்தைப் பார்த்தால் என் மனைவிக்குச் சிரிப்பு வருமா, அழுகை வருமா? முடிவு என்ன என்பதையாவது சொல்லுங்கள்.
— வாசகர், கல்யாண்

உங்கள் மனைவியை நான் அறியேன், ஆகவே முடிவை மட்டும் சொல்கிறேன். வீடு சிம்பு சிம்பாகக் கிடக்கிறது. கீட்டன் குவியலின் மேல் 'விற்பனைக்கு' என்று ஒரு பலகையை நட்டுவிட்டு, மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கத் தொடங்குகிறார். இரண்டடி போனதும் ஏதோ நினைவுக்கு வந்தவர்போல் திரும்பி வந்து, வீட்டை எப்படிப் பொருத்துவது என்று எழுதிய குறிப்புத் தாளை அந்தப் பலகையில் செருகி வைத்துவிட்டுப் போகிறார்.